மூளை ஆபரேஷன் டாக்டராக எப்படிப் படிப்பது? வடசென்னைப் பிள்ளைகள் அடிக்கடி கேட்கும் கேள்விகள்

தண்டையார்பேட்டையில் எங்கள் தெருவுக்கு அடுத்த தெருவில் ஒரு மாலைநேர டியூஷன் நடக்கிறது. மாதத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை அங்கே போய்ப் பிள்ளைகளோடு உட்கார்ந்து பேசுவேன். நானும் இந்தப் பக்கத்துப் பெண்தான். மாநகராட்சிப் பள்ளியில் தமிழ் வழியில் படித்தேன். இன்று நியூரோ சர்ஜனாக இருக்கிறேன். பயிற்சி எடுத்தது வேறு ஊரில், பெரிய அரசு மருத்துவமனை ஒன்றில். டியூஷன் பிள்ளைகளும், அவர்களைக் கூட்டிவரும் அம்மாக்களும், எம்.பி.பி.எஸ். படிக்கும் சில தம்பி தங்கைகளும் என்னிடம் கேட்பவை பெரும்பாலும் இந்தக் கேள்விகள்தான். வாயால் சொல்லும்போது ஒன்று விட்டால் ஒன்று மறந்துபோகிறது. அதனால் எழுதி வைக்கிறேன்.

நரம்பு டாக்டரும் நியூரோ சர்ஜனும் ஒருவர்தானா?

இல்லை. வலிப்பு, பக்கவாதம், ஒற்றைத் தலைவலி, நடுக்கம் போன்றவற்றுக்கு மருந்து கொடுத்துப் பார்ப்பவர் நியூராலஜிஸ்ட். அவர் பொது மருத்துவத்தில் எம்.டி. முடித்து, அதன்மேல் டி.எம். படித்தவர். மூளை, தண்டுவடம், நரம்புகளில் அறுவை சிகிச்சை செய்பவர் நியூரோ சர்ஜன். அவர் படிப்பது எம்.சிஎச். இரண்டு பேரும் ஒரே நோயாளியைச் சேர்ந்து பார்ப்பது தினமும் நடக்கும். இன்னொன்றும் சொல்ல வேண்டும். 'மூளை டாக்டர்' என்று எங்களை அழைத்தாலும் எங்கள் வேலையில் பெரும் பங்கு முதுகெலும்பு சம்பந்தப்பட்டதுதான். மூட்டை தூக்கித் தூக்கி டிஸ்க் விலகியவர்கள், மாடியிலிருந்தும் சாரத்திலிருந்தும் விழுந்தவர்கள் எல்லாரும் எங்களிடம்தான் வருவார்கள்.

மொத்தம் எத்தனை வருடம் ஆகும்?

பிளஸ் டூ முடித்ததும் நீட் எழுதி எம்.பி.பி.எஸ். சேர்ந்தால் நாலரை வருடப் படிப்பு, ஒரு வருடம் ஹவுஸ் சர்ஜன். அப்புறம் மேற்படிப்புக்கான நீட் பி.ஜி. எழுதி, எம்.எஸ். பொது அறுவை சிகிச்சை மூன்று வருடம். அதற்கு மேல் உயர் சிறப்புப் படிப்புக்கான நீட் எஸ்.எஸ். எழுதி, எம்.சிஎச். நியூரோ சர்ஜரி மூன்று வருடம். கூட்டிப் பார்த்தால் பதினொன்றரை. நடுவில் நுழைவுத் தேர்வுக்குப் படிக்கும் காலம், கலந்தாய்வுக்குக் காத்திருக்கும் காலம், அரசுப் பணியில் போகும் காலம் எல்லாம் சேரும். முப்பது, முப்பத்திரண்டு வயதில் முடித்தால் அதைத் தாமதம் என்று யாரும் நினைக்க வேண்டாம்.

இதைச் சொன்னதும் ஒரு அம்மா, "அதுக்குள்ள என் பொண்ணுக்குக் கல்யாண வயசே தாண்டிடுமேம்மா" என்றார். அந்தக் கவலைக்குக் கீழே தனியாகப் பதில் சொல்லியிருக்கிறேன்.

அரசுப் பள்ளி, தமிழ் வழி. எங்களால் முடியுமா?

முடியும். தைரியம் சொல்வதற்காக இதை எழுதவில்லை, நடைமுறையில் வழி இருக்கிறது. ஆறாம் வகுப்பிலிருந்து பன்னிரண்டாம் வகுப்பு வரை அரசுப் பள்ளியில் படித்தவர்களுக்கு எம்.பி.பி.எஸ். சேர்க்கையில் 7.5 சதவீத உள் ஒதுக்கீடு 2020ல் தமிழ்நாட்டில் சட்டமானது. மாநகராட்சிப் பள்ளியும் இதில் அடங்கும். இந்த ஒதுக்கீட்டில் சேர்பவர்களின் கல்விக் கட்டணத்தை அரசே கட்டுகிறது. நீட் தேர்வைத் தமிழிலேயே எழுதலாம்.

மொழியின் இடி விழுவது கல்லூரிக்கு உள்ளே போன பிறகுதான், அங்கே எல்லாம் ஆங்கிலம். உடற்கூறியல் வகுப்பில் முதல் வாரம் எனக்கு ஒன்றுமே ஏறவில்லை. பாடம் புரியாமல் இல்லை, வார்த்தைகள்தான் மேலே விழுந்தன. நான் செய்தது ஒன்றுதான். ஒரு நாற்பது பக்க நோட்டில் இடது பக்கம் வகுப்பில் சொன்ன சொல், வலது பக்கம் அது என்ன என்று என் பேச்சில் ஒரு வரி. மூளையைச் சுற்றி இருக்கும் தடித்த உறைக்கு நேரே 'தேங்காய் ஓட்டுக்கு உள்ளே ஒட்டியிருக்கும் தோல் மாதிரி' என்று எழுதியிருந்தேன். இப்போதும் நோயாளியின் வீட்டாருக்கு விளக்கும்போது அந்த நோட்டில் எழுதிய வரிகள்தான் வாயில் வருகின்றன. ஆறு மாதத்தில் மொழி பழகிவிடும். அந்த ஆறு மாதத்தில் மனதை விட்டுவிடாதீர்கள். தெரியாததைக் கேட்க வெட்கப்பட்டு மூலையில் உட்கார்ந்துவிட்டால்தான் அது மூன்று வருடமாக நீளும்.

எம்.எஸ். முடித்துப் போவதா, நேராக ஆறு வருடப் படிப்பா?

இரண்டு வழியும் உண்டு. தில்லி எய்ம்ஸ், பெங்களூரு நிம்ஹான்ஸ் போன்ற நிறுவனங்களில் எம்.பி.பி.எஸ். முடித்ததுமே ஆறு வருட எம்.சிஎச். இருக்கிறது. அதற்கு ஐ.என்.ஐ. செட் என்ற தனித் தேர்வு. நீட் பி.ஜி. மதிப்பெண்ணை வைத்து டி.ஆர்.என்.பி. என்ற ஆறு வருடப் பயிற்சியிலும் சேரலாம்.

என் கருத்தைக் கேட்டால், இருபத்து மூன்று வயதில் 'இதுதான்' என்று உறுதியாகத் தெரிந்தவர்களுக்கு ஆறு வருட வழி நல்லது. மூளையோடு அதிக நாள் இருக்கலாம். உறுதி இல்லாதவர்கள் எம்.எஸ். வழியாக வாருங்கள். மூன்று வருடம் வயிறு, குடல், ரத்தக்குழாய், புண் என்று எல்லாவற்றையும் தொட்டுவிட்டு வருவதால் கை நிதானப்படும். தையல் போடக் கற்றுக்கொள்ளும் வயதில் நேராக மூளைக்கு முன்னால் நிற்க வேண்டியதில்லை. எம்.எஸ். சேர்ந்தபோது நானே இரண்டு மனதாகத்தான் இருந்தேன். இதயமா மூளையா என்று. ஒரு இரவு டூட்டி முடிவு செய்து கொடுத்தது. அது எம்.எஸ். படிக்கும்போது நடந்தது, கீழே வருகிறது.

பெரிய மருத்துவக் கல்லூரியில் படித்தால் அப்படி என்ன லாபம்?

வரும் நோயாளிகள். அதற்கு ஈடாக எந்தப் புத்தகமும் இல்லை.

நம் ஊரையே பாருங்கள். எண்ணூர் நெடுஞ்சாலையில் துறைமுகத்துக்குப் போகும் கன்டெய்னர் லாரிகள், அவற்றுக்கு இடையில் ஹெல்மெட் இல்லாமல் புகுந்து போகும் பைக்குகள். காசிமேட்டில் படகிலிருந்து வழுக்கி விழுபவர்கள். மணலி, திருவொற்றியூர் ஆலைகளில் உயரத்திலிருந்து விழுபவர்கள். இத்தனை பேருக்கும் முதலில் நினைவுக்கு வருவது ஸ்டான்லிதான். எங்கள் பாட்டி கடைசிவரை அதைக் 'கஞ்சித்தொட்டி ஆஸ்பத்திரி' என்றுதான் சொன்னார். 1782ல் பஞ்ச காலத்தில் ஏழைகளுக்குக் கஞ்சி ஊற்றிய மணியக்காரர் சத்திரத்திலிருந்து வளர்ந்த இடம் அது. 1938ல் மருத்துவக் கல்லூரியானது. சென்ட்ரல் எதிரே இருக்கும் பெரிய ஆஸ்பத்திரிக்கு இதில் இன்னொரு பெருமை. 1949ல் வேலூர் சி.எம்.சி.யில் ஜேக்கப் சாண்டி இந்தியாவின் முதல் நியூரோ சர்ஜரி துறையைத் தொடங்கினார். அடுத்த வருடமே, 1950ல், சென்ட்ரல் எதிரே உள்ள இந்தச் சென்னைப் பொது மருத்துவமனையில் பி. ராமமூர்த்தி தொடங்கினார். 1951ல் இந்திய நரம்பியல் சங்கம் பிறந்ததும் சென்னையில்தான். நாட்டிலேயே இந்தத் துறை வேர்விட்ட இரண்டு இடங்களும் நமக்குப் பக்கத்தில் இருக்கின்றன.

பெரிய இடத்தில் ஒரே வாரத்தில் விபத்து, கட்டி, ரத்தக்குழாய் வீக்கம், பிறவியிலேயே முதுகில் பிளவோடு பிறந்த குழந்தை, காசநோய் மூளைக்குப் போய் நீர் தேங்கியவர் என்று எல்லாம் வரும். வெளிநாட்டுப் பாடநூல்களில் மூளைக் காசநோய்க்கு ஒதுக்கும் பக்கங்கள் குறைவு. நம் வார்டில் அதற்கு எப்போதும் ஒரு கட்டில் இருக்கும். இன்னொரு லாபம், உங்களுக்கு ஒரு வருடம் மூத்தவர், இரண்டு வருடம் மூத்தவர், ஏ.பி. எனும் உதவிப் பேராசிரியர், சீஃப் எனும் யூனிட் தலைவர் என்று படிக்கட்டு மாதிரி ஆட்கள் நிற்பார்கள். ராத்திரி இரண்டு மணிக்குச் சந்தேகம் வந்தால் எழுப்பிக் கேட்க ஒருவர் இருப்பார். சின்ன இடத்தில் அது கிடைக்காது.

முதல் வருடம் என்ன வேலை கொடுப்பார்கள்?

பார்ப்பதுதான் வேலை. திரும்பத் திரும்ப, ஒரே ஆளை, ஒரு மணி நேரத்துக்கு ஒரு முறை.

தலையில் அடிபட்டு வந்தவரின் நினைவு எந்த அளவில் இருக்கிறது என்று பார்க்க கிளாஸ்கோ அளவுகோல் என்று ஒன்று உண்டு. 1974ல் கிளாஸ்கோ நகரில் டீஸ்டேல், ஜென்னட் என்ற இரண்டு மருத்துவர்கள் உருவாக்கியது. கண் திறப்பதற்கு 4, பேச்சுக்கு 5, கைகால் அசைவுக்கு 6, மொத்தம் 15. ஒன்றுமே இல்லாவிட்டாலும் 3. எட்டும் அதற்குக் கீழும் போனால் மூச்சுக்குழாய்க்குள் டியூப் போட்டு மூச்சைக் காப்பாற்ற வேண்டிய நிலை. இதை மனப்பாடம் செய்ய பத்து நிமிடம் போதும். சரியாகப் போட ஒரு வருடம் ஆகும். 'பேர் என்ன?' என்று கேட்டதற்குப் பெயர் சொல்பவரும், 'இப்ப எங்க இருக்கீங்க?' என்று கேட்டதற்கு 'வீட்லதான்' என்பவரும் ஒன்றில்லை. அந்த ஒரு மதிப்பெண் வித்தியாசத்தில் ஸ்கேன் திரும்ப எடுப்பதா வேண்டாமா என்பது இருக்கிறது.

நான் சொன்ன அந்த இரவு இதுதான். எம்.எஸ். இரண்டாம் வருடம், நியூரோ வார்டில் எனக்குப் போஸ்டிங். பைக்கிலிருந்து விழுந்த ஒருவர், முப்பது வயது இருக்கும், பதினொரு மணிக்கு வந்தார். அளவு 14. பேசினார், தண்ணீர் கேட்டார், என்னைத் திட்டவும் செய்தார். வாயில் சாராய நெடி. ஸ்கேனில் மண்டை ஓட்டுக்கு அடியில் மெல்லிய ரத்தக் கசிவு, உடனே திறக்க வேண்டிய அளவில் இல்லை. கவனித்துப் பார்க்கச் சொல்லியிருந்தார்கள். பன்னிரண்டரைக்கு சிஸ்டர் வந்து, "டாக்டரம்மா, அந்தப் பேஷண்ட் ரொம்பத் தூங்குறாரு" என்றார். குடித்திருக்கிறார், தூங்கட்டும் என்றேன். கேஷுவாலிட்டியில் வேறு ஒருவருக்குத் தையல் போட்டுக்கொண்டிருந்தேன்.

ஒன்று பத்துக்குப் போய் டார்ச் அடித்தேன். வலது கண்ணின் பாப்பா பெரிதாகி, வெளிச்சத்துக்குச் சுருங்காமல் நின்றது. இடது கை தளர்ந்து கிடந்தது. காதுக்கு மேலே இருக்கும் மெல்லிய எலும்பு உடைந்தால் அதன் உள்பக்கம் ஓடும் தமனி கிழியும். முதலில் தெளிவாகப் பேசுவார்கள். ரத்தம் சேரச் சேர தூக்கம் வரும். அப்புறம் கண் பாப்பா விரியும். புத்தகத்தில் நூறு முறை படித்தது என் கண் முன்னால் நடந்துகொண்டிருந்தது, நான் அதற்குச் சாராயம் என்று பெயர் வைத்திருந்தேன்.

ஓடிப்போய் சீனியரை எழுப்பினேன். அடுத்த முக்கால் மணி நேரத்தில் எலும்பைத் திறந்துவிட்டார். கறுத்த ரத்தக்கட்டி கல்லீரல் துண்டு மாதிரி வெளியே வந்தது. அது வரும்வரை மூளையின் உறை பலகை மாதிரி இறுகி அசையாமல் இருந்தது. கட்டி போனதும் மெல்ல ஏறி இறங்கத் துடிக்க ஆரம்பித்தது. ஆமாம், மூளை துடிக்கும். இதயத்தோடும் மூச்சோடும் சேர்ந்து. அன்றைக்குத்தான் அதை அருகில் பார்த்தேன். அவர் பிழைத்தார். இடது கையில் கொஞ்சம் பலவீனம் நின்றுவிட்டது. பன்னிரண்டரைக்கே நான் போயிருந்தால் அதுவும் இருந்திருக்காது என்றுதான் இன்றுவரை நினைக்கிறேன். நியூரோ சர்ஜரிதான் என்று முடிவு செய்தது அன்று காலை. அன்றிலிருந்து யாராவது ஜூனியர் "குடிச்சிருக்கார் மேடம்" என்று சொன்னால், எழுந்து போய் நானே ஒரு முறை பார்த்துவிட்டுத்தான் உட்காருவேன்.

கத்தி எப்போது கையில் கிடைக்கும்?

நீங்கள் நினைப்பதைவிடச் சீக்கிரம், நீங்கள் ஆசைப்படுவதைவிடத் தாமதமாக.

எம்.சிஎச். சேர்ந்து சில மாதங்களில் மண்டை ஓட்டில் துளை போடும் ஆபரேஷனைச் சீனியர் பக்கத்தில் நின்று செய்யவிடுவார். பெரும்பாலும் வயதானவர்கள். ஒரு மாதத்துக்கு முன் பாத்ரூமில் லேசாக வழுக்கி விழுந்திருப்பார், வீட்டில் யாருக்கும் நினைவே இருக்காது. இப்போது நடை தடுமாறும், பேச்சு குழறும். தச்சர் கையில் இருக்கும் துரப்பணத்தைப் போன்ற ஒரு கருவியைச் சுற்றிச் சுற்றி எலும்பைத் துளைப்போம். உள் தகட்டைத் தொடும்போது கருவி கையில் ஒரு பிடி பிடிக்கும். அங்கே நிறுத்த வேண்டும். அந்தப் பிடியை எந்த வீடியோவிலும் காட்ட முடியாது, கைக்குத்தான் தெரியும். உறையைத் திறந்தால் மெக்கானிக் கடையில் வடித்த பழைய எஞ்சின் ஆயில் நிறத்தில் ரத்தம் வரும். மறுநாள் காலை அந்தத் தாத்தா எழுந்து உட்கார்ந்து காபி கேட்பார். இந்தத் துறையில் இவ்வளவு சீக்கிரம் பலன் தெரியும் ஆபரேஷன்கள் அதிகம் இல்லை. முதலில் அது கையில் கிடைப்பது நல்லதுதான்.

அப்புறம் மூளையில் தேங்கும் நீரை வயிற்றுக்கு இறக்கும் ஷண்ட் என்ற குழாய் வைப்பது, விபத்தில் ரத்தக்கட்டி எடுப்பது, முதுகில் டிஸ்க். மைக்ராஸ்கோப் வைத்துச் செய்யும் கட்டிகளில் முதலில் எலும்பைத் திறக்கும் வரைதான் உங்கள் பங்கு. அதற்கு மேல் நகர்ந்து நின்று பார்க்க வேண்டும். பின்மூளைக் கட்டிகளில் எட்டு மணி நேரம், பத்து மணி நேரம் நிற்பதும் உண்டு.

கைக்குப் பயிற்சி வேறு எப்படி? கோழி இறக்கை. உண்மையாகத்தான் சொல்கிறேன். இறக்கையில் ஓடும் தமனி ஒரு மில்லிமீட்டர் அளவுதான். மனித மூளையின் சின்ன ரத்தக்குழாய்க்கு அது சரியான ஜோடி. அதை வெட்டி, தலைமுடியைவிட மெல்லிய 10-0 நூலால் மைக்ராஸ்கோப்பின் கீழே திரும்பத் தைக்க வேண்டும். முதல் நாள் ஒரு முடிச்சு போட எனக்கு இருபது நிமிடம். மூச்சு விட்டாலே ஊசி ஓடியது. முழங்கையை மேசையில் ஊன்றி, சுண்டுவிரலைத் தட்டின் விளிம்பில் வைத்துக்கொண்ட பிறகுதான் கை நின்றது. கறிக்கடை அண்ணனிடம் தினமும் இறக்கை மட்டும் வாங்கினேன். அவர் நான் நாய் வளர்க்கிறேன் என்று நினைத்துக்கொண்டிருந்தார்.

எனக்குக் கை லேசாக நடுங்கும். ஆக முடியாதா?

எல்லார் கையும் நடுங்கும். ஊன்றி வைக்கக் கற்றுக்கொடுப்பார்கள். பயத்தில் வரும் நடுக்கம் ஐம்பதாவது கேஸில் போய்விடும். அதைவிட முக்கியம், நிற்கும் கால். இடுப்பு வலி, நரம்புச் சுருட்டல் இருந்தால் இப்போதே கவனியுங்கள்.

அப்படியானால் இத்தனை வருடம் எதற்கு?

ஒரு எம்.பி.பி.எஸ். தம்பி கேட்டது. கையை மூன்று வருடத்தில் பழக்கிவிடலாம் என்றால் பதினோரு வருடம் எதற்கு என்று. நியாயமான கேள்வி.

எப்போது திறக்கக் கூடாது என்று தெரிந்துகொள்வதற்குத்தான் மிச்ச வருடங்கள். பேச்சுக்கான இடத்தில் கட்டி இருக்கிறது. முழுதாக எடுத்தால் ஸ்கேன் அழகாக இருக்கும், அந்த மனுஷன் தன் மகள் பெயரைச் சொல்ல முடியாமல் போவார். எவ்வளவு விட்டு வர வேண்டும்? எண்பத்தைந்து வயதுப் பாட்டிக்குச் சின்னக் கட்டி, பத்து வருடமாக வளரவில்லை. தொடலாமா? டிஸ்க் விலகியிருக்கிறது, ஆனால் கால் பலமாக இருக்கிறது. ஆறு வாரம் ஓய்வும் பயிற்சியும் கொடுத்துப் பார்த்தால் பெரும்பாலோருக்கு வலி குறைந்துவிடும். "ஸ்கேனை அப்புறம் பார், முதல்ல ஆளை நடக்கவிட்டுப் பார்" என்று எங்கள் சீஃப் சொல்வார். அவர் ஓ.பி.யில் நோயாளி கதவைத் திறந்து நாற்காலிக்கு வரும் அந்தப் பத்தடி நடையிலேயே பாதி நோயைச் சொல்லிவிடுவார். அதை நான் கற்றது எம்.சிஎச். கடைசி வருடத்தில். இன்னும் கற்றுக்கொண்டிருக்கிறேன்.

வீட்டாரிடம் கெட்ட செய்தியை எப்படிச் சொல்வது?

பிளஸ் ஒன் படிக்கும் ஒரு பெண் இதைக் கேட்டாள். அவள் அண்ணன் விபத்தில் இறந்தவன்.

எங்கள் வேலையில் மிகக் கடினமான பகுதி மூளைச்சாவு. வென்டிலேட்டர் ஓடுகிறது, மானிட்டரில் இதயம் துடிக்கிறது, கை சூடாக இருக்கிறது. "உசுரு இருக்குதே, இன்னா சொல்றீங்க" என்று அம்மா கேட்பார். அவர் கேட்பது தவறே இல்லை. 1994ஆம் ஆண்டு உறுப்பு மாற்றுச் சட்டப்படி நான்கு மருத்துவர்கள் சேர்ந்து, குறைந்தது ஆறு மணி நேர இடைவெளியில் இரண்டு முறை சோதித்துத்தான் மூளைச்சாவை உறுதி செய்ய முடியும். உறுப்பு மாற்று அறுவை செய்யும் குழுவில் இருப்பவர் இந்த நால்வரில் இருக்கக் கூடாது. மூச்சைத் தானாக இழுக்கிறாரா என்ற சோதனையும் இதில் உண்டு.

சொல்லும் விதம் எங்கள் சீஃபிடம் கற்றது. நின்றுகொண்டு சொல்லக் கூடாது. வராண்டாவில் சொல்லக் கூடாது. அவர்கள் உட்கார்ந்திருக்கும் பெஞ்சிலேயே உட்கார வேண்டும். செல்போனை அணைக்க வேண்டும். 'நிலைமை மோசம்', 'கடவுள் விட்ட வழி' என்றெல்லாம் சுற்றாமல், 'இறந்துவிட்டார்' என்ற சொல்லைச் சொல்ல வேண்டும். சொன்ன பிறகு வாயை மூடிக்கொண்டு அங்கேயே இருக்க வேண்டும். உறுப்பு தானம் பற்றிய பேச்சு அப்போது வேண்டாம். அதற்கென்று பயிற்சி பெற்ற ஒருங்கிணைப்பாளர் இருக்கிறார். முதல் முறை நான் சொன்னபோது எழுந்து போய்விட்டேன். அந்த அப்பா கேட்க நினைத்த கேள்வியோடு அப்படியே உட்கார்ந்திருந்ததை சிஸ்டர் பிறகு வந்து சொன்னார். திரும்பப் போனேன். அவர் கேட்டது, "அவனுக்கு வலிச்சிருக்குமா?" என்பதுதான். இல்லை என்றேன். அதற்குத்தான் அவர் காத்திருந்தார்.

பெண்கள் இந்தத் துறையில் இருக்கிறார்களா?

இருக்கிறார்கள், போதவில்லை. ஆனால் நம் ஊருக்கு ஒரு பழைய பெருமை உண்டு. சென்னையில் பிறந்த டி.எஸ். கனகா 1968ல் எம்.சிஎச். முடித்தார். ஆசியாவிலேயே நியூரோ சர்ஜன் ஆன முதல் பெண்களில் ஒருவர். சென்னை மருத்துவக் கல்லூரியில் வேலை பார்த்தவர். மூளைக்குள் மின்முனை வைத்துச் செய்யும் சிகிச்சையை உலகம் பெரிதாகப் பேசுவதற்கு முன்பே இங்கே அதில் உழைத்தவர். 2018ல் காலமானார். அவர் படிக்கும்போது பெண்களுக்கு டூட்டி அறைகூட இருந்திருக்காது. உங்களுக்கு இருக்கும்.

தூக்கம், கல்யாணம், குழந்தை?

2023ல் வந்த தேசிய மருத்துவ ஆணைய விதி, பயிற்சி மருத்துவர்களுக்கு நியாயமான வேலை நேரம், வாராந்திர விடுப்பு, வருடத்துக்கு இருபது நாள் விடுப்பு என்கிறது. வேலையின் தேவையைப் பொறுத்து என்றும் கூடவே சேர்த்திருக்கிறது. நடப்பில் எங்கள் யூனிட் புது நோயாளிகளைச் சேர்க்கும் அட்மிஷன் டே அன்று முழு இரவு விழிப்பு, மறுநாள் மாலைவரை வார்டு. இது சரி என்று நான் சொல்ல மாட்டேன். தூங்காத கண்ணுக்கு விரிந்த பாப்பாவும் சாதாரணமாகத்தான் தெரியும். நாங்கள் தாங்கினோம், நீங்களும் தாங்குங்கள் என்று சொல்லும் சீனியர்களோடு நான் உடன்படவில்லை. ஆள் போட வேண்டும், டூட்டியைப் பிரிக்க வேண்டும்.

எனக்குக் கல்யாணம் எம்.எஸ். முடித்து நடந்தது. மகன் பிறந்தது எம்.சிஎச். இரண்டாம் வருடம். மகப்பேறு விடுப்பு எடுத்த மாதங்களுக்குப் பயிற்சி நீண்டது, அவ்வளவுதான். என் அம்மா இல்லையென்றால் நடந்திருக்காது. மாப்பிள்ளை பார்க்கும்போது "ராத்திரி போன் வந்தா போயிடுவேன்" என்று முதல் நாளே சொல்லிவிடுங்கள். அதைக் கேட்டு முகம் மாறாதவர்தான் உங்களுக்கு ஆள்.

செலவு எவ்வளவு? பாண்ட் என்றால் என்ன?

அரசுக் கல்லூரியில் எம்.எஸ்., எம்.சிஎச். படிக்கும் ஆறு வருடமும் மாதாமாதம் உதவித்தொகை வரும். வீட்டுக்குக் கொஞ்சம் அனுப்பவும் முடியும். படிப்பு முடிந்ததும் குறிப்பிட்ட காலம் அரசு மருத்துவமனையில் வேலை பார்ப்பேன், தவறினால் இவ்வளவு கட்டுவேன் என்று சேரும்போதே எழுதிக் கொடுப்பதுதான் பாண்ட். காலமும் தொகையும் மாறிக்கொண்டே இருப்பவை. அந்தந்த வருடக் கையேட்டில் பாருங்கள், யூடியூபில் பார்க்காதீர்கள். தனியார் கல்லூரிக் கட்டணம் வேறு உலகம். வீட்டை அடகு வைத்துப் போக வேண்டாம் என்பது என் அழுத்தமான எண்ணம்.

எம்.பி.பி.எஸ். முடித்து அரசு வேலையில் சேர்பவர்களுக்கு இன்னொரு வாசல் இருக்கிறது. அரசுக் கல்லூரிகளின் உயர் சிறப்புப் படிப்பு இடங்களில் பாதியை அரசு மருத்துவர்களுக்கு ஒதுக்கி 2020ல் தமிழ்நாடு அரசாணை போட்டது. 2022ல் உச்ச நீதிமன்றம் அதன்படி கலந்தாய்வு நடத்த அனுமதித்தது. ஆரம்ப சுகாதார நிலையத்தில் வேலை பார்த்துவிட்டு வந்து நியூரோ சர்ஜன் ஆனவர்கள் எங்களில் நிறைய.

அமெரிக்காவில் படிக்கலாமா?

அங்கே மருத்துவப் படிப்புக்குப் பிறகு நியூரோ சர்ஜரி பயிற்சி மட்டும் ஏழு வருடம். 2003லிருந்து வாரத்துக்கு எண்பது மணி நேரம் என்று வரம்பு வைத்திருக்கிறார்கள். நம்மைப் போல அமெரிக்காவுக்கு வெளியே எம்.பி.பி.எஸ். படித்தவர்களுக்கு அங்கே இடம் கிடைப்பது மிக அரிது. இங்கே முடித்துவிட்டு, ஒரு வருடம் ஃபெலோஷிப் என்று குறிப்பிட்ட ஒன்றைக் கற்கப் போவது நடைமுறைக்கு ஒத்துவரும்.

கடைசித் தேர்வு எப்படி இருக்கும்?

நான்கு தாள் எழுத்துத் தேர்வு. அப்புறம் நோயாளியை நேரில் பார்த்து, நோய் எந்த இடத்தில் இருக்கிறது என்று ஸ்கேன் இல்லாமலே சொல்ல வேண்டும். வாய்மொழித் தேர்வு, கருவிகள், ஸ்கேன் படங்கள். மூன்று வருடம் வார்டில் ஆளைப் பார்த்தவருக்கு நோயாளிப் பகுதி பயமே இல்லை.

இது படிப்புக் கேள்வி இல்லை. வீட்டில் யாருக்காவது தலையில் அடிபட்டால் என்ன செய்வது?

ஒவ்வொரு ஞாயிறும் கடைசியில் யாராவது இதைக் கேட்டுவிடுகிறார்கள், அதனால் இதையும் எழுதுகிறேன். சோடா உடைத்துக் கொடுக்காதீர்கள், குடிக்கவே ஒன்றும் கொடுக்காதீர்கள். கழுத்தைத் திருப்பி, குலுக்கி எழுப்பாதீர்கள். வாந்தி எடுத்தால் தலையும் கழுத்தும் உடம்பும் ஒன்றாக வருகிற மாதிரி ஒருக்களித்துப் பிடியுங்கள். நினைவு தப்பியிருந்தாலோ, திரும்பத் திரும்ப வாந்தி, வலிப்பு, காதில் மூக்கில் ரத்தம் அல்லது தண்ணீர், ஒரு பக்கக் கைகால் தளர்ச்சி, கூடிக்கொண்டே போகும் தலைவலி, எழுப்பக் கடினமான தூக்கம் இவற்றில் ஒன்று இருந்தாலோ 108க்கு அடியுங்கள். பக்கத்து கிளினிக்கில் தையல் போட்டுக்கொண்டு நேரத்தை விடாதீர்கள். சாலை விபத்து என்றால் முதல் 48 மணி நேர சிகிச்சைக்கு 2021 டிசம்பரில் தொடங்கிய 'நம்மைக் காக்கும் 48' திட்டம் இருக்கிறது, காசு பற்றி யோசித்துக்கொண்டு நிற்க வேண்டாம். எத்தனை மணிக்கு அடிபட்டது, எத்தனை மணி வரை நன்றாகப் பேசினார் என்று ஒரு காகிதத்தில் எழுதி எடுத்து வாருங்கள். கேஷுவாலிட்டியில் நான் முதலில் கேட்பது அதைத்தான்.